காலக்கப்பலின் உந்துவிசை

1522-ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 9-ஆம் நாள், புதன்கிழமையன்று, 'விக்டோரியா' என்னும் ஸ்பானியக் கப்பல் ஆப்பிரிக்காவுக்கு மேற்கேயுள்ள கேப் வெர்டே தீவுகளை வந்தடைந்தது. மகெல்லன் தலைமையில் 1519 செப்டம்பரில் புறப்பட்ட ஐந்து கப்பல்களுள் உலகைச் சுற்றி மீண்டது இது ஒன்றே. மகெல்லன் பிலிப்பைன்ஸ் தீவுகளில் நடந்த சண்டையில் மாண்டு ஓராண்டுக்கு மேலாகியிருந்தது. எல்கானோ என்பவர் தலைமையேற்றுக் கப்பலைக் கொண்டுவந்தார். பசியால் வாடிய மாலுமிகள் உணவு வாங்கப் படகேறிக் கரைக்குச் சென்றனர். அவர்களிடம் பிகாஃபெட்டா என்னும் இத்தாலியர் வேறொரு வேலையையும் ஒப்படைத்திருந்தார். அன்று என்ன கிழமை என்று கரையிலுள்ளோரைக் கேட்டு வரவேண்டும் என்பதே அது. அவர்கள் கொண்டுவந்த விடை, வியாழக்கிழமை என்பது.

பிகாஃபெட்டா திகைத்துப் போனார். பயணம் முழுவதும் நாள் தவறாமல் குறிப்பெழுதி வந்தவர் அவர். நோயில் விழுந்து ஒரு நாளேனும் எழுதாமல் விட்டிருந்தால் பிழையை அங்கே தேடலாம்; அவ்வாறும் நேரவில்லை. கப்பலில் வைத்திருந்த வேறு கணக்கும் புதன்கிழமை என்றே காட்டிற்று. அப்படியாயின் ஒரு நாள் முழுவதும் எங்கே போயிற்று?

பிழை எவருடையதும் அன்று. கதிரவன் செல்லும் திசையிலேயே மேற்கு நோக்கிச் செல்லும் கப்பலில், ஒரு விடியலுக்கும் அடுத்த விடியலுக்கும் இடைப்பட்ட பொழுது 24 மணி நேரத்தைவிடச் சற்றே நீளும். 15 பாகை கடந்தால் ஒரு மணி நேரம். 360 பாகையும் கடந்தால் ஒரு முழு நாள். கரையில் இருந்தவன் கண்ட விடியல்களைவிட ஒரு விடியலைக் குறைவாகக் கண்டவர்கள் விக்டோரியாவின் மாலுமிகள். அவர்கள் வாழ்ந்த காலம் ஒரு நொடியும் குறையவில்லை, எண்ணிக்கைதான் குறைந்தது. எனினும் அவர்கள் காலத்து மனிதருக்கு இது சிறு செய்தி அன்று. நோன்பு நாளில் இறைச்சி உண்டும், ஈஸ்டர் திருநாளை ஞாயிறு அல்லாத நாளில் கொண்டாடியும் வந்திருக்கிறோம் என்பது பக்தியுள்ள கிறித்தவர்க்குக் கலக்கம் தரும் செய்தியே. ஸ்பானிய அரசவையில் இருந்த வெனிஸ் நாட்டுத் தூதர் கொன்தாரினிதான் இதன் காரணத்தை விளக்கிப் பலரையும் தெளிவித்தார். இத்தகைய வேறுபாடு நேரும் என்பதைச் சிரியா நாட்டு அறிஞர் அபுல் ஃபிதா 14-ஆம் நூற்றாண்டிலேயே கணக்கிட்டுச் சொல்லியிருந்தார் என்பதும் நினைவுகூரத்தக்கது. உலகை எவரும் சுற்றி வராத காலத்தில், ஏட்டின்மேல் மட்டுமே சுற்றிக் கண்ட முடிவு அது.

காலத்தைக் கடந்து செல்லும் கப்பல் என்னும் கற்பனைக்கு உந்துவிசையாக அமைந்தது, விக்டோரியாவின் மாலுமிகள் தொலைத்த இந்த ஒரு நாளே எனலாம். நிலத்தில் வாழ்பவனுக்குக் காலமும் இடமும் வெவ்வேறானவை. கடலோடிக்கு அவை ஒன்றையொன்று அளக்கும் கோல்கள். நடுக்கடலில் தன் தீர்க்கரேகையை அறிய வேண்டுமாயின், தான் இருக்கும் இடத்தின் நேரத்தையும் புறப்பட்ட துறைமுகத்தின் நேரத்தையும் ஒருசேர அறிந்திருக்க வேண்டும். முன்னதைக் கதிரவன் காட்டிவிடும். பின்னதைக் கப்பலிலேயே சுமந்து செல்லவேண்டும். இதற்கேற்ற கடிகாரத்தைச் செய்வதில் தம் வாழ்நாளைச் செலவிட்ட ஜான் ஹாரிசனின் நான்காவது கடிகாரம், 1761 நவம்பரில் போர்ட்ஸ்மத்திலிருந்து ஜமைக்காவுக்குப் புறப்பட்டது. 81 நாள் கடலோட்டத்தில் அது இழந்தது ஏறத்தாழ 5 வினாடி மட்டுமே. பின்னர்ப் படிப்படியாகப் பெருங்கப்பல்கள் விட்டுவந்த ஊரின் காலத்தை ஒரு பெட்டியில் வைத்துப் பூட்டிக்கொண்டு செல்லலாயின. சென்னை நுங்கம்பாக்கத்தில் கிழக்கிந்தியக் கம்பெனி 1792-இல் வானாய்வுக்கூடம் எழுப்பியதும் இத்தேவையை ஒட்டியே. வானியல், புவியியல், கடலோட்டம் ஆகியவற்றை வளர்ப்பதே அதன் நோக்கமாகக் கூறப்பட்டது. அங்கே நாட்டப்பட்ட கருங்கல் தூணில், ஆயிரம் ஆண்டுக்குப் பின் வருவோரும் அறியவேண்டும் என்ற எண்ணத்துடன், தமிழ் உட்படப் பல மொழிகளில் எழுத்துப் பொறிக்கப்பட்டது. கணித அறிவியல் ஆசியாவில் முதன்முதல் ஊன்றப்பட்டதே தங்களால்தான் என்று அதில் உரிமை கொண்டாடியது கம்பெனியாரின் அறியாமை. அபுல் ஃபிதாவைப் பற்றிக் கேட்டறிந்திருந்தாலே அதை எழுதக் கை கூசியிருக்கும்.

மகெல்லனின் மாலுமிகள் தொலைத்த நாளை ஸ்பெயின் நாடு நெடுங்காலம் தேடி எடுக்கவில்லை. பிலிப்பைன்ஸ் தீவுகளை ஸ்பானியர்கள் அமெரிக்காவின் வழியே, பசிபிக் கடலைக் கடந்து ஆண்டனர். மெக்சிகோவின் அக்கபுல்கோ துறைமுகத்துக்கும் மணிலாவுக்கும் இடையே ஓடிய வணிகக் கப்பல்கள் அமெரிக்க நாட்கணக்கையே அங்குக் கொண்டுவந்தன. அதனால் அண்டையிலிருந்த மக்காவ் நகரத்துப் போர்ச்சுகீசியருக்கு வெள்ளிக்கிழமையாக இருக்கும்போது மணிலாவில் வியாழக்கிழமை. மெக்சிகோ விடுதலை பெற்று, வணிகம் சீனத்தின் பக்கம் திரும்பிய பின்னரே இது பெருந்தொல்லையாகத் தோன்றிற்று. ஆளுநர் கிளாவேரியாவின் ஆணைப்படி 1844-ஆம் ஆண்டு டிசம்பர் 30-ஆம் நாள் திங்கட்கிழமைக்கு அடுத்து, 1845 ஜனவரி 1-ஆம் நாள் புதன்கிழமை வந்தது. 1844 டிசம்பர் 31 என்னும் நாளில் மணிலாவில் ஒரு பிறப்பும் இல்லை, ஓர் இறப்பும் இல்லை. அரசாணையின் ஒரு வரியால் ஒரு நாட்டு மக்கள் அனைவரும் ஒரு நாளைத் தாண்டிக் குதித்தனர். 2011-இல் சமோவா நாடும் டிசம்பர் 30-ஆம் நாளை இவ்வாறே தாண்டிற்று.

கடலோடிகளின் இந்தக் கணக்கை இலக்கியம் பற்றிக்கொள்ளச் சில நூற்றாண்டுகள் ஆயின. 1841-இல் அமெரிக்க எழுத்தாளர் எட்கர் ஆலன் போ ஒரு வாரத்தில் மூன்று ஞாயிறுகள் வரும் கதையொன்றை எழுதினார். ஒரே வாரத்தில் மூன்று ஞாயிறு சேர்ந்து வந்தால்தான் திருமணத்துக்கு இசைவேன் என்று அடம்பிடிக்கும் கிழவர் ஒருவர். உலகை எதிரெதிர்த் திசைகளில் சுற்றிவந்த கப்பல் தலைவர் இருவரை இளங்காதலர்கள் அவர்முன் கொண்டுவந்து நிறுத்துகின்றனர். ஒருவருக்கு நேற்று ஞாயிறு. மற்றவருக்கு நாளை ஞாயிறு. வீட்டிலிருப்போர்க்கு இன்று ஞாயிறு. கிழவரின் வாய் அடைபடுகிறது.

போவை ஆழ்ந்து படித்தவர் பிரெஞ்சு எழுத்தாளர் ஜூல் வெர்ன்; 1864-இல் அவரைப் பற்றி ஒரு கட்டுரையே எழுதினார். வெர்னின் 'எண்பது நாளில் உலகைச் சுற்றி' என்னும் நாவல் 1872-இல் பாரிஸ் நாளிதழ் ஒன்றில் தொடராக வெளிவந்தது. அந்த நாளிதழின் பெயரே 'காலம்' என்று பொருள்படுவது இனியதொரு தற்செயல். பந்தயத்தில் தோற்றுவிட்டதாக எண்ணிச் சோர்ந்திருந்த கதைத்தலைவன் ஃபாக், கிழக்கு நோக்கிச் சுற்றியதால் தனக்கு ஒரு நாள் மிகுந்திருப்பதைக் கடைசி நேரத்தில் அறிகிறான். போவிடம் அந்த ஒரு நாள் திருமணத்தை முடித்து வைத்தது. வெர்னிடம் பந்தயத்தை வென்று தந்தது. இருவருமே ஒரு சுற்றோடு நின்றுவிட்டனர். ஒரு சுற்றுக்கு ஒரு நாள் என்றால், ஓராயிரம் சுற்றுக்கு? இந்தக் கேள்வியைக் கேட்கத் துணிந்தவரைப் பற்றியதே இனி வரும் செய்தி.

என்ரிகே காஸ்பார் 1842-இல் மாட்ரிட் நகரில் நடிகர் குடும்பத்தில் பிறந்தார். மேடைக்கு நாடகங்கள் எழுதிப் பெயர் பெற்றவர். சமகாலச் சமூகத்தின் போலித்தனங்களைக் காட்டும் உரைநடை நாடகங்கள் அவை. எழுத்தை நம்பி அவர் வாழவில்லை. வெளிநாடுகளில் ஸ்பானிய அரசின் தூதரக அலுவலராகப் பணிபுரிந்தார். அப்பணி அவரைச் சீனக் கடற்கரைக்கு, மக்காவுக்கும் கான்டனுக்கும் கொண்டு சென்றது. ஒரு காலத்தில் மணிலாவோடு ஒரு நாள் வேறுபட்டிருந்த அதே மக்காவ். 1887-இல் பார்சிலோனாவில் அவர் வெளியிட்ட தொகுதியில் மூன்று படைப்புகள் ஒன்றாகக் கட்டப்பட்டிருந்தன. அவற்றுள் ஒன்று அவர் சீனத்துக்குச் சென்ற பயணத்தின் விவரம். மற்றொன்று 'எல் அனக்ரோனோபெத்தே' என்னும் நாவல். கிரேக்கச் சொற்களைக் கூட்டி அவரே புனைந்த பெயர் அது. காலத்தில் பின்னோக்கிப் பறப்பது என்பது பொருள். உண்மைக் கப்பலில் சென்ற பயணமும் கற்பனைக் கப்பலில் சென்ற பயணமும் ஒரே அட்டைக்குள் அமைந்தன.

காலத்தைக் கடந்து சென்றோர் கதைகள் இதற்குமுன் இல்லாமலில்லை. மகள் ரேவதிக்கு மணமகன் தேடிப் பிரமலோகம் சென்ற ககுத்மி மன்னன், ஒரு பாட்டுக் கேட்டு முடிவதற்குள் பூமியில் யுகங்கள் பல கழிந்திருக்கக் கண்ட கதையைப் புராணம் கூறுகிறது. அமெரிக்காவில் ரிப் வான் விங்கிள் இருபதாண்டுகள் உறங்கி எழுந்தான். 1881-இல் எட்வர்ட் பேஜ் மிட்செல் என்பவர் எழுதிய சிறுகதையில் பின்னோக்கி ஓடும் கடிகாரம் ஒன்று மனிதரை 1574-ஆம் ஆண்டின் லெய்டன் முற்றுகைக்குக் கொண்டு செல்கிறது. ஆயினும் வரத்தாலும் உறக்கத்தாலும் மாயத்தாலும் நிகழ்ந்தவை இவை. ஏறி அமர்ந்து, விசையை முடுக்கி, வேண்டிய ஆண்டில் இறங்கும் ஊர்தியை, அது இயங்கும் முறையோடு சேர்த்துச் சொன்ன முதல் நாவல் காஸ்பாருடையதே என்று இன்று பொதுவாகக் கருதப்படுகிறது.

சரகோசா நகரத்து அறிஞர் தோன் சிந்துல்ஃபோ கார்சியா கண்டுபிடித்த இக்கப்பல் மாபெரும் வார்ப்பிரும்புப் பெட்டி வடிவினது. மின்சாரத்தால் இயங்குவது. காற்றைக் கொண்டு உந்தும் நான்கு பெருங்கருவிகள், குழாய்களில் முடிவனவாக, அதனைச் செலுத்துகின்றன. உள்ளே தாமாகவே கூட்டிப் பெருக்கும் துடைப்பங்கள் முதலாக எல்லா வசதிகளும் உண்டு. 1887-இல் மின்விளக்கே பல நகரங்களுக்குப் புதுமை என்பதை எண்ணினால், தூதரக வீட்டின் வேலையாட்களைக் கண்டு சலித்த ஒருவரின் ஏக்கம் அந்தத் துடைப்பங்களில் ஒளிந்திருக்கிறது என்று தோன்றுகிறது.

இயந்திரத்தைவிடச் சுவையானது அதன் கொள்கை. காலத்தை உண்டாக்குவது வளிமண்டலத்தின் இயக்கமே என்கிறார் சிந்துல்ஃபோ. பூமி தன்னைத்தானே சுழலுகையில் அதன் மேல் காலம் நூலைப்போல் சுற்றிக்கொண்டே வருகிறது. சுழற்சிக்கு எதிர்த்திசையில் பெருவிரைவில் பறந்தால் சுற்றியதெல்லாம் அவிழும். மகெல்லனின் மாலுமிகள் மேற்கு நோக்கிச் சென்று ஒரு நாளைத் தொலைத்தது, இங்கே ஓர் இயந்திரத்தின் விதியாக உயர்ந்துவிட்டது எனக் கருத இடமுண்டு. நாளை எண்ணும் முறையில் நேர்ந்த வேறுபாட்டை நாளே திரும்பிவிட்டதாகக் கொள்வதுதான் இதிலுள்ள பிழை. ஆனால் கதைக்கு வேண்டியது அந்தப் பிழையே. நாளை எண்ணுவது வேறு, நாள் வேறு என்று தெளிந்திருந்தவர்கள் நானூறு ஆண்டுகளாக ஒரு காலக்கப்பலையும் கட்டவில்லை.

காஸ்பாரின் கூர்மை வேறோர் இடத்தில் வெளிப்படுகிறது. காலம் பின்னோக்கி அவிழுமாயின், கப்பலுக்குள் இருப்பவர்களும் சேர்ந்தல்லவா அவிழ்வார்கள்? நாற்பது வயதினன் நாற்பது ஆண்டு பின்சென்றால் குழந்தையாகி, அதற்கும் அப்பால் இல்லாமலே போகவேண்டும். இதனைத் தடுக்கவே 'கார்சியா திரவம்' என்னும் ஒன்றை அவர் படைத்தார். அது பாய்ந்த உடல் காலத்தால் மாறாது. இதையே அவர் நகைச்சுவைக்கும் பயன்படுத்திக்கொள்கிறார். இளமை கடந்த பரத்தையர் சிலரைக் கப்பலில் ஏற்றி இளமையாக்கிக் கொண்டுவந்தால், புதுவாழ்வு தொடங்கித் திருந்துவார்கள் என்று பாரிஸ் நகரத்து அதிகாரிகள் கருதுகின்றனராம்! பின்னாளில் புகழ்பெற்ற காலப்பயணக் கதைகள் பலவும் இந்தக் கேள்வியையே எழுப்பாமல் கடந்துவிட்டன. வேடிக்கைக்காக எழுதிய நாடகாசிரியர் ஒருவர், தம் கற்பனைப் பொறிக்கு அதன் சொந்த விதியையே பொருத்திப் பார்த்தது சிறிய செயலன்று.

கப்பல் 1878-ஆம் ஆண்டுப் பாரிஸ் உலகக் கண்காட்சியிலிருந்து புறப்படுகிறது. சிந்துல்ஃபோ, அவர் நண்பர் பெஞ்சமின், அவர் பொறுப்பில் வளரும் உறவுப்பெண் கிளாரா, அவள் பணிப்பெண் ஆகியோர் அதில் உள்ளனர். கிளாராவின் காதலனான படைத்தலைவன் லூயிசும் அவனுடைய குதிரைப்படை வீரர்களும் ஒளிந்து ஏறிக்கொள்கின்றனர். முதலில் 1860-இல் ஸ்பானியப் படை மொராக்கோவில் வென்ற டெட்டுவான் போர்க்களம். பின்னர் 1492-ஆம் ஆண்டின் கிரனடா. உணவுப்பொருள் வேண்டி 690-ஆம் ஆண்டின் ரவென்னா. அதன்பின் ஹான் மரபின் இறுதிப் பேரரசர் ஆண்ட, 220-ஆம் ஆண்டின் சீனம். 79-ஆம் ஆண்டில் எரிமலைக்கு இரையாக இருக்கும் பொம்பேய். முடிவில் நோவாவின் காலம்.

கப்பல் நின்ற துறைகளை நோக்கினால் அதைக் கட்டிய நாட்டின் மனம் விளங்கும். பெரும்பேரரசாக இருந்த ஸ்பெயின் 1887-இல் கியூபா, புவேர்த்தோ ரிக்கோ, பிலிப்பைன்ஸ் என்று எஞ்சிய சிலவற்றையே பற்றிக்கொண்டிருந்தது. 1898-இல் அவையும் கைநழுவின. அந்நாட்டின் காலக்கப்பல் முதலில் ஒரு வெற்றிப் போருக்கும், அடுத்துக் கொலம்பசு புறப்பட்ட ஆண்டிற்கும் சென்றதில் வியப்பில்லை. எதிர்காலத்தை நோக்கி அது ஒரு கல் தொலைவேனும் செல்லவில்லை. சீனத்தில் ஆண்டுகள் கழித்த காஸ்பார், அந்நாட்டின் மன்னனைக் கிளாராவின்மேல் ஆசைகொண்ட கொடியவனாகவே படைத்தது, அவர் காலத்து ஐரோப்பியக் கண்ணாடியை அவரும் கழற்றவில்லை என்பதைக் காட்டும்.

ஆயினும் கொடுமையைச் சீனத்தில் மட்டுமே வைத்து அவர் தப்பித்துக்கொள்ளவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். இந்தப் பயணத்தின் மெய்யான நோக்கம் அறிவு தேடுவதன்று. கிளாராவை மணக்கத் துடிக்கிறார் கிழவர் சிந்துல்ஃபோ, அவளுக்கோ விருப்பமில்லை. 19-ஆம் நூற்றாண்டின் பாரிசில் அவளை வற்புறுத்த முடியாது. பெண்ணின் இசைவைக் கேளாமலே மணமுடிக்கும் ஒரு காலத்துக்கு அவளைக் கொண்டு செல்லவேண்டும் என்பதே அவர் உள்ளக்கிடக்கை. உலகின் முதல் காலப்பொறி கட்டப்பட்டது இதற்காகத்தான்! 'அந்தக் காலம்' என்று பெருமூச்செறிவோர் எதை எண்ணிப் பெருமூச்செறிகிறார்கள் என்பதை மேடையறிந்த காஸ்பார் நன்றாக அறிந்திருந்தார்.

பொறாமையால் மதியிழந்த சிந்துல்ஃபோ கப்பலை மேலும் மேலும் விரைவுபடுத்தி, படைப்பின் முதல் நாளை நோக்கிச் செலுத்த, அது வெடித்துச் சிதறுகிறது. உடனே அவர் கண் விழிக்கிறார். பாரிஸ் அரங்கொன்றில் ஜூல் வெர்னின் நாடகத்தைப் பார்த்துக்கொண்டே உறங்கிவிட்ட அவர் கண்ட கனவு அத்தனையும். நூலின் பெருங்குறை இதுவே. முதலில் இசைநாடகமாக எழுதிய கதை இது என்பர்; திரை விழுமுன் எல்லாரையும் சிரிக்கவைத்து வீட்டுக்கு அனுப்பவேண்டிய மேடைக் கட்டாயம் நாவலிலும் தொடர்ந்துவிட்டது போலும். பொறிக்கு விதி வகுத்து, அந்த விதிக்கு விலக்கும் கண்டவர், கடைசி ஏட்டில் எல்லாவற்றையும் கனவென்று கழித்துவிட்டார்.

அடுத்த ஆண்டு, 1888-இல், இங்கிலாந்தில் 21 வயது மாணவர் ஒருவர் தம் கல்லூரி இதழில் ஒரு கதையை வெளியிட்டார். அவர் எச். ஜி. வெல்ஸ். கதையின் தலைப்பு, காலத்தில் செல்லும் ஆர்கோ மாலுமிகள் என்று பொருள்படுவது. கிரேக்கப் பழங்கதையில் பொன்னிற ஆட்டுத்தோலைத் தேடிச் சென்ற கப்பலின் பெயர் ஆர்கோ. தம் பொறிக்கு அதன் பெயரையே சூட்டினார். கடலோடியின் நினைவு அவரிடமும் இருந்தது. 1895-இல் அதையே திருத்தி 'காலப்பொறி' என்னும் நாவலாக வெளியிட்டபோது கப்பல் மறைந்துவிட்டது. தந்தமும் பளிங்கும் பித்தளையும் கொண்ட, ஒருவர் மட்டும் அமரும் இருக்கை அது. எங்கும் பறக்காமல் நின்ற இடத்திலேயே நின்று காலத்தில் மட்டும் நகர்வது. காலமும் ஒரு பரிமாணம் என்று சொல்லி, உந்துவிசை பற்றிய பேச்சையே அவர் தவிர்த்துவிட்டார். அது பெரிய இலக்கியத் தந்திரம். உலகைச் சுற்றும் வேலையை விட்டதும், கடந்த நாளைத் தேடும் வேலையையும் விட்டு, 802701-ஆம் ஆண்டுக்குச் சென்று, உழைப்போரும் உண்போரும் இருவேறு இனமாகப் பிரிந்த உலகத்தை அவரால் காட்ட முடிந்தது. இலக்கியத் தரத்தில் வெல்சின் நூலே மேலானது, அதில் ஐயமில்லை.

ஆனால் காஸ்பாரின் நூல் மறைந்ததற்குத் தரம் மட்டும் காரணமன்று. வெல்ஸ் எழுதிய மொழி அன்று ஏழு கடலிலும் கப்பல் ஓட்டியது. காஸ்பாரின் மொழி பேசிய பேரரசு துறைமுகங்களை ஒவ்வொன்றாகக் காலிசெய்துகொண்டிருந்தது. 1902-இல் காஸ்பார் பிரான்சில் மறைந்தார். அவர் நாவல் யோலாண்டா மொலினா கவிலான், ஆண்ட்ரியா பெல் ஆகிய இருவரின் மொழிபெயர்ப்பில் ஆங்கில நூலாக அச்சேறியது 2012-இல்தான். மூலம் வெளிவந்து 125 ஆண்டுகளுக்குப் பின். 'காலக்கப்பல்' என்பதே அம்மொழிபெயர்ப்பின் தலைப்பு. இடையில் 1995-இல், வெல்ஸ் நாவலின் நூற்றாண்டையொட்டி ஸ்டீபன் பாக்ஸ்டர் எழுதிய தொடர்ச்சி நாவலும் 'காலக்கப்பல்கள்' என்றே பெயர் பெற்றிருந்தது.

உலகைச் சுற்றி நாளைத் திருப்பும் எண்ணம் மட்டும் மறையவில்லை. 1978-இல் வெளிவந்த 'சூப்பர்மேன்' திரைப்படத்தில், மாண்ட காதலியை மீட்க நாயகன் பூமியை விரைந்து சுற்றிப் பறக்கிறான்; பூமி எதிர்த்திசையில் சுழல, காலம் பின்வாங்குகிறது. சிந்துல்ஃபோவின் கப்பல் பாரிசிலிருந்து புறப்பட்டதாகக் காஸ்பார் எழுதிய ஆண்டிற்குச் சரியாக நூறாண்டு கழித்து! இதற்கு முன்பே, அமெரிக்கக் கடற்படையின் 'எல்ட்ரிஜ்' என்னும் போர்க்கப்பல் 1943-இல் ஃபிலடெல்ஃபியாவில் மின்காந்த விசையால் கண்ணுக்கு மறைந்து வேறிடத்தில் தோன்றியதாக ஒரு கதை 1955 முதல் பரவிவந்தது. ஒரு தனிமனிதரின் கடிதங்களே அதற்கு ஊற்று. 1984-ஆம் ஆண்டுத் திரைப்படம் அக்கதையில் காலப்பயணத்தையும் சேர்த்தது. காந்தக் கண்ணிவெடிகளிலிருந்து தப்ப, கப்பலின் இரும்புடலில் உள்ள காந்தத்தன்மையைக் குறைக்கும் பணி போர்க்காலத்தில் நடந்தது என்பது மட்டுமே அதிலுள்ள உண்மை. தம் கப்பலைக் கனவென்று ஒப்புக்கொண்ட காஸ்பாரின் நேர்மை இதைப் பரப்பியோரிடம் இல்லை. எல்ட்ரிஜ் 1951-இல் கிரேக்கக் கடற்படைக்குக் கொடுக்கப்பட்டு, நெடுங்காலம் உழைத்து, 1999-இல் பழைய இரும்பாக உடைக்கப்பட்டது.

உலகைச் சுற்றும் திசையால் காலம் மாறுமா என்ற கேள்விக்கு மெய்யான சோதனையும் ஒன்று நடந்தது. 1971 அக்டோபரில் ஜோசப் ஹாஃபெல், ரிச்சர்ட் கீட்டிங் ஆகிய இரு அமெரிக்கர்கள் நான்கு சீசியம் அணுக்கடிகாரங்களை எடுத்துக்கொண்டு சாதாரணப் பயணிகள் விமானங்களில் உலகைச் சுற்றினர். முதலில் கிழக்கு நோக்கி. பின்னர் மேற்கு நோக்கி. கடிகாரங்களுக்கும் இருக்கை தேவைப்பட்டதால் 'திரு. கடிகாரம்' என்ற பெயரில் பயணச்சீட்டு வாங்கப்பட்டது. திரும்பி வந்ததும் அவற்றை ஒப்பிட்டுப் பார்த்தது வாஷிங்டனில் உள்ள அமெரிக்கக் கடற்படையின் வானாய்வுக்கூடத்துக் கடிகாரங்களோடு. கப்பல்களுக்கு நேரம் சொல்லவே வளர்ந்த நிறுவனம் அது.

கிழக்கே சென்ற கடிகாரங்கள் ஒரு வினாடியின் நூறு கோடியில் 59 பங்கை இழந்திருந்தன. மேற்கே சென்றவை 273 பங்கு முந்தியிருந்தன. ஐன்ஸ்டைனின் சார்பியல் கொள்கை கணித்துச் சொன்ன அளவும் ஏறக்குறைய இதுவே. தரையில் நிற்கும் கடிகாரமும் பூமியோடு சேர்ந்து கிழக்கு நோக்கி ஓடிக்கொண்டிருக்கிறது. கிழக்கே பறக்கும் விமானம் அதைவிட விரைவாக ஓடுவதால் அதன் காலம் மெதுவாகிறது. மேற்கே பறப்பது பூமியின் ஓட்டத்திலிருந்து தன் வேகத்தைக் கழித்துக்கொள்வதால் அதன் காலம் விரைகிறது. உயரத்தில் ஈர்ப்பு குறைவதால் இரு விமானங்களின் காலமும் சற்று விரைவதும் இக்கணக்கில் சேரும். ஆகவே திசையால் காலம் மாறும் என்ற அளவில் சிந்துல்ஃபோ சொன்னது பொய்யன்று. அவர் சென்ற திசைதான் தவறு. மேற்கு நோக்கி விமான வேகத்தில் சென்றால், தரையில் இருப்போரைவிட ஒரு துளி கூடுதலாக முதுமையடையலாம். அக்கப்பலைப் போல் கற்பனைக்கெட்டாத விரைவில் சென்றாலோ எத்திசையாயினும் காலம் மெதுவாகி, இறங்கும்போது உலகம் முன்னே போயிருக்கும். எப்படிச் செலுத்தினும் அக்கப்பல் சென்று சேரும் துறை எதிர்காலமே. கிளாராவைக் கொண்டு செல்லச் சிந்துல்ஃபோ விரும்பாத துறையும் அது ஒன்றுதான்.